கடிக்கும் வாய்க்கால்

அத்தியாயம் 5

குத்துச்சண்டைக்காரர் வீறிட்டுக் கத்தினார்.

போன வாரம் முழுக்க அடிமேல் அடி வாங்கியும் முகம் சுளிக்காமல் ஜெயித்த மனிதர் அவர். ஆள் மலை மாதிரி இருந்தார். அந்த மலை இப்போது வலது காலின் சுண்டுவிரலைக் கையில் பிடித்துக்கொண்டு, பயிற்சிக் கூடத்தின் மரத்தரையில் ஒற்றைக் காலில் குதித்துக்கொண்டிருந்தது.

"மன்னிச்சுக்கங்க அண்ணே. செருப்பு புதுசு. இன்னும் என் பேச்சைக் கேட்கப் பழகல" என்றான் கொழுந்தன்.

துப்பம்மா சுவரில் சாய்ந்து கண்களை மூடிக்கொண்டாள்.

"வலிக்குதுங்களா?" என்று கேட்டாள், கண்ணைத் திறக்காமலே.

"மிதிச்சுட்டு வலிக்குதான்னு வேற கேக்குறீங்களா? உயிர் போகுது!"

"போன வாரம் அவ்வளவு அடி வாங்கியும் வலிக்கலையே?"

"யாரு சொன்னா வலிக்கலைன்னு? மேடையில அழுதா டிக்கெட் வாங்கினவன் சிரிப்பான். வீட்டுக்குப் போய்த்தான் அழுவேன். என் சம்சாரத்தைக் கேட்டுப் பாருங்க. ஒத்தடம் குடுத்துக் குடுத்து அவ கை ஓஞ்சு போச்சு."

துப்பம்மா வெளியே நடந்தாள். தெருவில் தூறல் பிசுபிசுத்தது. குடையை விரித்தாள், குடையின் ஒரு கம்பி முறிந்து துணியைக் கிழித்துக்கொண்டு வெளியே எட்டிப் பார்த்தது. அதை மடக்கி, ஓங்கி ஒரு தடவை சுவரில் அடித்துவிட்டு, நனைந்துகொண்டே நடந்தாள்.

அவளுக்கு வீட்டில் வைத்த பெயர் வேறு. துப்பறிவதே தொழிலாகிப் போனதால் ஊர் அவளைத் துப்பம்மா என்றே கூப்பிட்டது. பெயரைப் புதிதாகக் கேட்கிறவர்கள் ஓரடி தள்ளி நின்று பேசுவது வழக்கம். கொழுந்தன் அவள் கணவனின் தம்பி. வாய் ஓயாததால் எந்த வேலையிலும் நிலைக்காமல், கடைசியில் அண்ணியிடம் உதவியாளனாக வந்து ஒட்டிக்கொண்டவன்.

"அண்ணி, குடை என்ன பண்ணுச்சு? அது மேலயும் சந்தேகமா?"

"வாயை மூடிட்டு வா, தம்பி."

அவர்கள் தேடிக்கொண்டிருந்தது உள்ளங்கை அகலத்தில் ஒரு வட்டு. மழை மேகத்தின் நிறம். நோவுண்ணி என்ற உலோகத்தில் வார்த்தது. வடக்கு மலையில் இடி விழுந்த பாறைகளுக்கு அடியில் மட்டும், அதுவும் ஒரு தலைமுறைக்கு ஒரு பிடி என்று கிடைக்கிற பொருள். உடம்பில் பட்டால் போதும், அந்த உடம்பின் வலி மொத்தத்தையும் அது உறிஞ்சிக்கொள்ளும். ஊர் ஆஸ்பத்திரியில் அறுவைக்குப் படுக்கிறவரின் முதுகுக்கு அடியில் அதைத்தான் வைப்பார்கள். வலியை மறக்கடிக்க வேறு மருந்தை எவரும் கண்டதில்லை. ஊருக்கு இருந்தது அந்த ஒரே வட்டு. அது காணாமல் போனதிலிருந்து ஆபரேஷன் அறை பூட்டிக் கிடந்தது.

துப்பம்மாவின் கணக்கு எளிமையானது. வட்டை வைத்திருக்கிறவனுக்கு வலிக்காது. வலிக்காத ஆளைப் பிடித்தால் வட்டைப் பிடித்த மாதிரி. இந்தக் கணக்கை நம்பி அவர்கள் ஊரில் யாரையெல்லாமோ கிள்ளியிருந்தார்கள். கைகுலுக்கும் சாக்கில் குண்டூசியால் குத்தியிருந்தார்கள். நெருப்பு விழுங்குகிற வித்தைக்காரன் கண்ணில் நீர் வரக் கத்தினான். பல் பிடுங்கும்போது பாட்டுப் பாடிய கிழவர், காது மந்தமானவர் என்றும் வலியில் அவர் கத்தியதுதான் பாட்டாகக் கேட்டது என்றும் தெரிந்தது. கடைசி நம்பிக்கை இந்தக் குத்துச்சண்டைக்காரர். அதுவும் போயிற்று.

"பொய் சொன்னா கறுத்துப் போற உலோகம் ஒண்ணு அந்த மலையில கிடைச்சா எவ்வளவு நல்லா இருக்கும்?" என்றான் கொழுந்தன்.

"கிடைச்சா நமக்கு வேலை இருக்காது."

"இப்ப மட்டும் என்ன வாழுதாம்?"

ஆஸ்பத்திரித் தாழ்வாரத்தில் அவர்கள் கால் வைக்கும்போதே உள்ளேயிருந்து ஒரு ஆணின் அலறல் கேட்டது. ஓடு மாற்றக் கூரையேறி, வழுக்கி விழுந்தவர். முழங்காலுக்குக் கீழே நொறுங்கிய கால் இப்போது அழுகத் தொடங்கியிருந்தது. கதவருகே பெஞ்சில் அவர் மனைவி உட்கார்ந்திருந்தாள். தூக்கமில்லாத கண்கள். துப்பம்மாவைப் பார்த்ததும் எழுந்து நின்றாள்.

"கிடைச்சுதாம்மா?"

துப்பம்மா இல்லையென்று தலையை அசைத்தாள்.

"இன்னிக்குள்ள காலை எடுக்கணுமாம். இல்லேன்னா விஷம் மேல ஏறிடும்னு சின்ன டாக்டரம்மா சொல்றாங்க. வலி தெரியாம எடுக்க வழியில்ல, வலியோட எடுத்தா உயிர் தாங்காதுங்கறாங்க. அப்ப நான் என்னதாம்மா பண்றது? நீங்க தினமும் வர்றீங்க, தினமும் தலையை ஆட்டிட்டுப் போறீங்க!"

அவள் குரல் தாழ்வாரம் முழுக்க எதிரொலித்தது. துப்பம்மாவுக்குக் கோபம் வந்தது, ஆனால் அதை யார்மேல் காட்டுவது என்று தெரியவில்லை. அந்தப் பெண் கேட்டதில் ஒரு வார்த்தைகூடத் தப்பில்லை.

பெரிய டாக்டர் தன் அறையிலிருந்து வெளியே வந்தார். நரைத்த தலை, கஞ்சி போட்ட முழுக்கைச் சட்டை. ஊரில் கத்தியை எடுத்து உடம்பைத் திறக்கத் தெரிந்தவர் அவர் ஒருவர்தான். அவருடைய மருமகளும் டாக்டருக்குப் படித்தவள்தான். சின்ன டாக்டரம்மா என்பது அவளைத்தான். ஆனால் மாமனார் அவளைக் கட்டுப் போடவும் காய்ச்சல் பார்க்கவும் மட்டுமே விட்டிருந்தார்.

"என்ன, இன்னிக்கும் வெறுங்கையா?" என்று இரைந்தார் பெரிய டாக்டர். "ஊர்ல ஒரு திருடனைப் பிடிக்க இவ்வளவு நாளா? உள்ளே கத்தறான் பாருங்க, அது உங்க காதுல விழலையா?"

தலைமை நர்ஸ் அடுப்பிலிருந்து இறக்கிய டீயைக் கண்ணாடி டம்ளர்களில் ஊற்றித் தட்டில் கொண்டுவந்தாள். பெரிய டாக்டர் ஒரு டம்ளரை எடுத்து ஒரே மூச்சில் குடித்துவிட்டு, காலி டம்ளரைத் தட்டில் டங்கென்று வைத்தார்.

"சாயங்காலம் வரைக்கும் பாருங்க. முடியலேன்னா சொல்லிடுங்க. நிர்வாகத்துக்கிட்டப் பேசி வேற ஆளைப் பார்க்கச் சொல்றேன்."

அவர் அறைக் கதவு படாரென்று சாத்திக்கொண்டது.

கொழுந்தன் அடுத்த டம்ளரை எடுத்து உதட்டில் வைத்தான். உடனே கையை உதறினான். "அய்யோ! நர்ஸம்மா, இது டீயா இல்ல எரிமலைக் குழம்பா? நாக்கு வெந்து போச்சு!"

"உன் நாக்கு கொஞ்ச நேரம் வெந்து கிடக்கட்டும். ஊருக்கு நல்லது" என்றாள் துப்பம்மா. அவள் மனம் அங்கே இல்லை. வேறு ஆளைப் பார்க்கச் சொல்கிறேன் என்ற வார்த்தை நெஞ்சில் குத்திக்கொண்டு நின்றது.

அப்போதுதான் சலவைக்கூடத்துப் பெண் ஒருத்தி முந்தானையால் வலது கையைப் பொத்திக்கொண்டு வந்தாள்.

"நர்ஸம்மா, கையைக் கொஞ்சம் பாருங்களேன். துணி அலசினா கட்டைவிரல் வலி தாங்கல. கரையேறி நின்னா கொஞ்ச நேரத்துல சரியாயிடுது. மறுபடியும் தண்ணியில கை வச்சா மறுபடியும் வலி. எனக்கு மட்டும் இல்ல, அங்க துவைக்கிற எல்லாருக்கும் இதே கதைதான். வாய்க்கால் கடிக்குதுன்னு சொல்லிக்கறோம்."

"வாய்க்காலுக்குப் பல் முளைச்சிருக்கு போல" என்றான் கொழுந்தன்.

தலைமை நர்ஸ் சிரிக்கவில்லை. அவள் முகம் மாறியதைத் துப்பம்மா பார்த்துவிட்டாள்.

"நர்ஸம்மா, என்ன யோசனை?"

"ஒண்ணுமில்ல… வட்டு வலியை உறிஞ்சி உறிஞ்சி நிறைஞ்சு போகும் இல்லையா? நிறைஞ்சா வேலை செய்யாது. தினமும் அதைத் தண்ணியில முக்கி வலியைக் கழுவி எடுக்கணும். இங்க அதுக்குன்னு பின்னால மூடின தொட்டி வச்சிருந்தோம். இடுக்கியாலதான் பிடிப்போம். அந்தத் தண்ணியைத் தொடக் கூடாது. தொட்டா வலிக்கும்."

துப்பம்மா அப்படியே நின்றாள்.

"இதை ஏன் முதல்லயே சொல்லல?"

"நீங்க கேக்கலையே. வந்ததுலேர்ந்து எல்லாரையும் கிள்ளிக்கிட்டுத்தானே இருந்தீங்க?"

கொழுந்தன் வாயைத் திறந்தான். துப்பம்மா அவனைப் பார்த்த பார்வையில் மூடிக்கொண்டான். வலிக்காத ஆளைத் தேடி ஊரெல்லாம் அலைந்திருக்கிறாள். திருடன் தன் வலியை எங்கே கொட்டுகிறான் என்று ஒரு தடவைகூட யோசிக்கவில்லை. தன் தலையில் தானே குட்டிக்கொள்ளலாம் போலிருந்தது.

"வா" என்றாள். "உன் கைக்கு வேலை வந்திருக்கு."

சலவைக்கூடத்துக்குப் பின்னால் வாய்க்கால் முழங்கால் ஆழத்தில் மெதுவாக ஓடியது. துவைக்கும் கற்கள் காலியாகக் கிடந்தன. கொழுந்தன் குந்தி உட்கார்ந்து, கண்ணை இறுக மூடிக்கொண்டு, வலது கையின் ஆள்காட்டி விரலை மட்டும் நனைத்தான்.

"ஆ! கடிக்குது!"

"எங்கே?"

"கட்டைவிரல்ல. அடியில, முண்டு இருக்கே, அங்க. ஸ்க்ரூ வச்சுத் திருகற மாதிரி. மணிக்கட்டு வரைக்கும் இழுக்குது."

"ஆள்காட்டி விரலைத்தானே நனைச்ச?"

கொழுந்தன் கையைப் பார்த்தான். "ஆமா அண்ணி."

"இடது கையை நனை."

"அது என்ன பாவம் பண்ணுச்சு?"

"நனை."

நனைத்தான். முகத்தைச் சுளித்து வலது கையை உதறினான்.

"காலை விடு."

"அண்ணி, நான் உங்க புருஷனோட கூடப் பிறந்தவன். அண்ணன் கேட்டா என்ன பதில் சொல்வீங்க?"

அவள் அவன் தோளைப் பிடித்து அழுத்தினாள். அவன் இடது கால் கணுக்கால்வரை தண்ணீருக்குள் போயிற்று. மறுகணம் அவன் வலது கையைப் பிடித்துக்கொண்டு துள்ளினான்.

"என்ன அநியாயம் இது! காலை விட்டா கை வலிக்குது!"

துப்பம்மாவின் முகத்தில் பல நாளைக்குப் பிறகு ஒரு வெளிச்சம் வந்தது. "தண்ணி எங்கே பட்டாலும் வலி ஒரே இடத்துலதான் வருது. அந்தப் பொண்ணுக்கும் கட்டைவிரல், உனக்கும் கட்டைவிரல். வலி தன் இடத்தை மறக்கல, தம்பி. எந்த உடம்புல எந்த இடத்துலேர்ந்து அது வந்துதோ, அந்த இடத்துக்கே போய் உட்காருது. திருடனுக்கு வலது கையில கட்டைவிரல் மூட்டு தேய்ஞ்சு போயிருக்கு. அந்த வலிக்காகத்தான் வட்டை எடுத்திருக்கான்."

"அப்ப ஊர்ல கட்டைவிரல் வலிக்கிறவனைத் தேடணுமா? ஆனா இப்ப அவனுக்கு வலிக்காதே!"

"அதனாலதான் ஆளைத் தேடப் போறதில்ல. தண்ணி வர்ற வழியில மேலே போவோம். கடிக்கிறது எங்கே நிக்குதோ, அங்கே திருடன்."

நீரோட்டத்துக்கு எதிராக நடந்தார்கள். சாயப்பட்டறைக்குப் பின்னால் கொழுந்தன் விரலை நனைத்தான், கடித்தது. மரக்கடைக்குப் பின்னால் கடித்தது. பாலத்தடியில் கடித்தது. ஒவ்வொரு தடவையும் கொழுந்தன் வாயிலிருந்து வந்த வசவுகளில் பாதி வாய்க்காலுக்கும் மீதி அண்ணன் செய்துகொண்ட கல்யாணத்துக்கும் போயின.

ரொட்டிக் கடையின் கொல்லைப்புறத்தில் ஒரு குழாய் வாய்க்காலில் வந்து விழுந்தது. துப்பம்மா நின்றாள்.

"மாவு பிசையற கை" என்றாள். "தினமும் மூட்டை மூட்டையா. கட்டைவிரல் தேயாம என்ன செய்யும்?"

பின்கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனார்கள். ரொட்டிக்காரர் முழங்கைவரை மாவோடு நிமிர்ந்தார். துப்பம்மா நேராக விஷயத்துக்கு வந்தாள்.

"உங்க வலது கட்டைவிரல் எப்படி இருக்கு?"

ரொட்டிக்காரர் அவளை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு மேஜையோரம் மிதிகட்டையோடு இருந்த மர உருளையைக் காட்டினார். "இந்தக் கடையில கையால பிசையறதை நிறுத்தி வருஷக்கணக்காச்சு. காலால சுத்தற எந்திரம் வச்சிருக்கேன். வலின்னா எனக்கு முழங்கால்லதான்." சொல்லிக்கொண்டே எழுந்தவர், அடுப்புக் கதவில் முழங்கை பட்டு "ஸ்ஸ்!" என்று பின்வாங்கினார். வலிக்காத ஆள் இல்லை.

கொழுந்தன் வெளியே போய்க் குழாய்க்கு மேற்புறத்தில் விரலை நனைத்துவிட்டுத் திரும்பி வந்தான்.

"மேலேயும் கடிக்குது அண்ணி. உள்ளே வர்றதுக்கு முன்னாடியே பார்த்திருக்கலாம்."

துப்பம்மா பல்லைக் கடித்தாள். ரொட்டிக்காரரிடம் மன்னிப்புக் கேட்டாள். அவர் மன்னித்தாரா என்று தெரியவில்லை. பின்கதவைத் தாழ் போடும் சத்தம் மட்டும் பலமாகக் கேட்டது.

தூறல் நின்று வெயில் சாயத் தொடங்கியிருந்தது. பெரிய வீடுகளின் வரிசைக்குப் பின்னால் வாய்க்கால் குறுகி ஓடியது. ஒரு வீடு, இரண்டு வீடு என்று கடித்துக்கொண்டே வந்தது. பச்சைச் சுற்றுச்சுவர் வைத்த வீட்டைத் தாண்டியதும் கொழுந்தன் விரலை விட்டான். காத்திருந்தான். கையை முழுதாக உள்ளே விட்டான்.

"ஒண்ணும் இல்ல" என்றான், நம்ப முடியாமல். முகத்தைக்கூடக் கழுவிக்கொண்டான். "சுத்தமான தண்ணி!"

பச்சைச் சுவரின் அடியில் ஒரு துளையிலிருந்து சொட்டுச் சொட்டாக நீர் கசிந்து வாய்க்காலில் கலந்துகொண்டிருந்தது. இருவரும் சுற்றிக்கொண்டு வாசலுக்கு வந்தார்கள். வாசலில் இருந்த பலகையைப் படித்துவிட்டுக் கொழுந்தன் மெதுவாக விசிலடித்தான்.

அது பெரிய டாக்டரின் வீடு.

"டாக்டர் வீட்லயே எவனோ வேலையைக் காட்டியிருக்கான்" என்றான். "இன்னிக்கு அவர் நம்மளைத் திட்டினதுக்கு…"

துப்பம்மா கதவைத் தட்டினாள்.

டாக்டரின் மனைவி கூடத்தில் ஜன்னலோரம் உட்கார்ந்து தையல் வேலை செய்துகொண்டிருந்தாள். மடியில் பாதி முடிந்த மேஜை விரிப்பு. வலது கட்டைவிரலில் தையல் கவசம். துப்பம்மாவின் பார்வை அந்த விரலிலேயே நின்றது.

"நாள் முழுக்க ஊசி பிடிக்கிறீங்களே, விரல் வலிக்காதா?"

"எனக்கா? நல்லா கேட்டீங்க!" அந்த அம்மாள் நூலை எச்சிலில் நனைத்து, பார்க்காமலே ஊசிக் காதில் ஒரே தடவையில் கோத்தாள். "எங்க குடும்பத்துல யாருக்கும் கை, கால் வலியே கிடையாது." சொல்லிவிட்டு ஊசி நுனி விரலில் பட்டு, "அம்மா!" என்று விரலை வாயில் வைத்துக்கொண்டாள்.

கொழுந்தன் கூரையைப் பார்த்துப் பெருமூச்சு விட்டான். இவளும் இல்லை.

"கொல்லையில தொட்டி ஒண்ணு இருக்குமே?" என்றாள் துப்பம்மா, சோர்வோடு.

"ஆமா. மீன் வளர்க்கப் போறேன், யாரும் கை வைக்காதீங்கன்னு அவர் சொல்லியிருக்கார்."

"மீன் இருக்கா?"

"இன்னும் வாங்கல. அவருக்கு நேரம் எங்கே? ஆனா காலையில எழுந்ததும் முதல் வேலையா அங்கதான் போறார்." அவள் சிரித்தாள். "வயசானா ஆம்பளைங்களுக்குப் புதுசு புதுசா ஆசை வரும் போல. போன மாசம் பூரா சட்டைக்கு நான்தான் பட்டன் போட்டுவிடணும்னு வந்து நிப்பார். கல்யாணமான புதுசுலகூட அப்படி நின்னதில்ல. நானும் மனசுக்குள்ள சந்தோஷப்பட்டுக்கிட்டேன். இப்ப ரெண்டு வாரமா அதுவும் போச்சு. மறுபடியும் அவரே போட்டுக்கறார்."

துப்பம்மா நாற்காலியின் நுனிக்கு வந்தாள்.

"என்னிக்கிலேர்ந்து அவரே போட்டுக்கறார்?"

"என்னிக்கிலேர்ந்துன்னா… ஆஸ்பத்திரியில வட்டு காணாமப் போச்சுன்னு சொல்லிட்டு வந்தாரே, அதுக்கு மறுநாள்லேர்ந்து…"

அந்த அம்மாளின் கை தையலின் நடுவில் நின்றது. மடியிலிருந்த விரிப்பு சரிந்து தரையில் விழுந்தது. அவள் அதை எடுக்கவில்லை. துப்பம்மாவை நிமிர்ந்து பார்த்தாள். அந்தப் பார்வையில் ஒரு கெஞ்சல் இருந்தது, தான் சொன்னதைத் திரும்ப எடுத்துக்கொள்ள முடியுமா என்பது போல.

துப்பம்மாவால் அந்த முகத்தைப் பார்க்க முடியவில்லை. எழுந்தாள்.

தெருவில் இறங்கியதும் கொழுந்தன் சொன்னான்: "அண்ணி. அந்த டீ."

"தெரியும்."

"என் நாக்கு வெந்துதே, அதே தட்டுல, அதே டீ. அவர் தண்ணி மாதிரி குடிச்சார். நாம பக்கத்துலயே நின்னோம்."

"தெரியும்னு சொல்றேன்ல!" அவள் கத்தியதில் எதிரே வந்த வண்டிக்குதிரை மிரண்டது. "ஊரையே கிள்ளினோம். அவரைக் கிள்ளினோமா? கேஸைக் குடுத்த இடத்துப் பெரிய மனுஷர்னு விட்டோம். வா, சீக்கிரம் நட."

பெரிய டாக்டரின் அறையில் அவர்கள் நுழைந்தபோது அவர் ஜன்னல் பக்கம் திரும்பி நின்றுகொண்டிருந்தார். சுவருக்கு அப்பாலிருந்து கூரைக்காரரின் முனகல் கேட்டது. இப்போது கத்தக்கூட அவருக்குத் தெம்பில்லை.

"சட்டைக் கையைக் கொஞ்சம் மடிச்சுவிடுங்க டாக்டர்" என்றாள் துப்பம்மா. "வலது கை."

"என்ன உளறல் இது?"

"உங்க கொல்லைத் தொட்டித் தண்ணியில ஊரே உங்க கட்டைவிரல் வலியோட துணி துவைக்குது. மடிச்சுவிடுங்க."

அவர் ஜன்னலைவிட்டுத் திரும்பினார். பிறகு, அவசரமே இல்லாமல், பட்டனைக் கழற்றினார். முழங்கைக்குக் கீழே துணிப்பட்டையில் இறுக்கிக் கட்டியிருந்தது அந்த மழைமேக நிறத்து வட்டு.

"கத்தியைப் பிடிச்சா உயிர் போயிடும்" என்றார். குரலில் காலையில் இருந்த இரைச்சல் இல்லை. "ஒரு வருஷமா. யாருக்கும் தெரியாம ஓட்டினேன். போன மாசம் ஒரு அம்மாவுக்குக் கை ஆபரேஷன் பண்ணும்போது நழுவிடுச்சு. அவங்களுக்கு ஒரு விரல் இனிமே மடங்காது."

"ரெண்டு பேரும் சேர்ந்து வட்டைத் தொட்டுக்கிட்டா என்ன?" என்று கேட்டான் கொழுந்தன்.

"அதைத்தான் அன்னிக்குப் பண்ணினேன். ரெண்டு உடம்பு பட்டா இது குழம்பிடும். அவங்க வலி என் கைக்கு வந்துது. அதனாலதான் நழுவிச்சு." அவர் நாற்காலியில் உட்கார்ந்தார். "ஒண்ணு எனக்கு வேணும், இல்ல படுத்திருக்கிறவனுக்கு வேணும். ரெண்டாவது வட்டு இந்த ஊர்ல கிடையாது. வட்டே இல்லேன்னு ஆயிட்டா யாரும் என்னைக் கத்தி எடுக்கச் சொல்ல மாட்டாங்க இல்லையா?"

"கை முடியலேன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே!" துப்பம்மா ஆத்திரத்தோடு ஓரடி முன்னே வந்தாள். "உங்க மருமக படிச்சிருக்காங்களே!"

"அவளுக்கு அனுபவம் இல்ல."

"குடுத்தாத்தானே வரும், மாமா?"

குரல் வாசலிலிருந்து வந்தது. சின்ன டாக்டரம்மா கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அவளுக்குப் பின்னால் தலைமை நர்ஸ். அவர்களுக்கும் பின்னால் கூரைக்காரரின் மனைவி. எவ்வளவு நேரமாக நிற்கிறார்களோ. மருமகளின் பார்வை வட்டின் மேலேயே இருந்தது.

"நீ வெட்டி அவன் போயிட்டா?" என்றார் பெரிய டாக்டர்.

"வெட்டாட்டி கண்டிப்பாப் போயிடுவார்." அவள் திரும்பிக் கூரைக்காரரின் மனைவியைப் பார்த்தாள். "நான் இதுவரைக்கும் உயிரோட இருக்கிற யாருக்கும் காலை எடுத்ததில்ல. உங்ககிட்ட மறைக்க மாட்டேன். நீங்க சரின்னாத்தான் செய்வேன்."

அந்தப் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "உங்க கை நடுங்குமாம்மா?"

"மனசு நடுங்குது. கை நடுங்காது."

"அப்ப வாங்க, போலாம்."

பெரிய டாக்டர் பட்டையை அவிழ்த்தார். வட்டு தோலைவிட்டு விலகிய கணத்தில் அவருடைய வலது கை மார்போடு ஒடுங்கியது. தலைமை நர்ஸ் இடுக்கியால் வட்டை வாங்கிக்கொண்டு தொட்டியை நோக்கி ஓடினாள். மருமகள் அவரைத் தாண்டும்போது ஒரு கணம் நின்றாள்.

"மாமா, நீங்களும் உள்ளே வாங்க. நான் தப்பாப் போனா சொல்லுங்க."

அவர் எழுந்து அவள் பின்னால் போனார்.

ஆபரேஷன் அறைக் கதவு சாத்திக்கொண்டது. பெஞ்சில் துப்பம்மாவும் கூரைக்காரரின் மனைவியும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்தார்கள். கொழுந்தன் எதிர்ச் சுவரில் சாய்ந்து தன் கட்டைவிரலைத் தேய்த்துவிட்டுக்கொண்டிருந்தான். உள்ளேயிருந்து ஒரு சத்தமும் வரவில்லை. எப்போதாவது பெரிய டாக்டரின் தணிந்த குரல் மட்டும்: "இன்னும் மேலே… ஆமா… அந்த ரத்தக்குழாயை முதல்ல கட்டு… நல்லது."

ஜன்னல் வெளிச்சம் மஞ்சளாகித் தரையில் நீண்டிருந்தபோது கதவு திறந்தது. சின்ன டாக்டரம்மாவின் மேலங்கி முழுக்க ரத்தம். அவள், உயிருக்கு ஆபத்தில்லை என்று தலையை ஆட்டினாள். கூரைக்காரரின் மனைவி அவள் கைகளைப் பிடித்துத் தன் கண்களில் ஒற்றிக்கொண்டாள்.

பின்னால் பெரிய டாக்டர் வந்தார். துப்பம்மா எழுந்து அவர் எதிரே நின்றாள்.

"நிர்வாகத்துக்கு நான் பதில் சொல்லியாகணும் டாக்டர்."

"நீங்க சொல்ல வேண்டாம். நானே சொல்றேன். முதல்ல இவங்ககிட்டச் சொல்லிடறேன்." அவர் கூரைக்காரரின் மனைவி பக்கம் திரும்பினார். "வட்டு என்கிட்டதான் இருந்துது அம்மா. நீங்க கேட்டிருப்பீங்க. திருடினது நான்தான்."

அவள் சின்ன டாக்டரம்மாவின் கைகளை விட்டாள்.

"ராத்திரியெல்லாம் அவர் கத்தினாரே. உங்களுக்குக் கேட்டுச்சா?"

"கேட்டுச்சு."

"அப்புறம் வீட்டுக்குப் போய் எப்படிய்யா தூங்கினீங்க?"

பெரிய டாக்டர் தரையைப் பார்த்தார். "நல்லாத் தூங்கினேன்மா" என்றார். "எனக்கு ஒண்ணும் வலிக்கல."

அவள் கை ஓங்கப் போகிறாள் என்று துப்பம்மா நினைத்தாள். தடுக்கக் கூடாது என்றும் நினைத்தாள். ஆனால் அவள் கதவைத் தள்ளித் திறந்தாள்.

"உள்ளே வாங்க. அவர் முழிச்சதும் அவர்கிட்டயும் இதைச் சொல்லுங்க."

கூரைக்காரர் மேஜைமேல் படுத்திருந்தார். முதுகுக்கு அடியில் வட்டு. போர்வை ஒரு பக்கம் தட்டையாகக் கிடந்தது. பல நாளுக்குப் பிறகு அவர் முகம் தளர்ந்திருந்தது. பெரிய டாக்டர் தலைமாட்டில் போய் நின்றார். அவர் நெற்றியில் வியர்வை துளிர்த்திருந்தது. இடது கையால் வலது மணிக்கட்டை நெரித்துப் பிடித்திருந்தார்.

காலடிச் சத்தத்தில் கூரைக்காரர் கண்களைத் திறந்தார். முதலில் மனைவியைப் பார்த்தார். பிறகு தலையைத் திருப்பி டாக்டரை. அவர் முகத்தை, அந்தக் கையை.

"என்ன டாக்டர்?" என்றார், கரகரத்த குரலில், அக்கறையோடு. "ரொம்ப வலிக்குதா?"